நூற்றுப் பதினான்கு அறைகளும் டவர் அக்காவும்

என் அக்காவைக் கப்பல்காரர்கள் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. அவர்களுக்கு அவள் டவர் அக்கா. கடற்படையின் கப்பல் பட்டறையில் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரத்திலேயே ஒட்டிக்கொண்ட பெயர் அது. கையில் ஒரு கைப்பேசியைப் பிடித்துக்கொண்டு கப்பலின் அறை அறையாக ஏறி இறங்கி, எதிர்ப்படுகிறவர்களிடமெல்லாம் "உங்ககிட்ட எத்தனை கோடு காட்டுது?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள். கீழ்த்தளத்தில் பம்ப்புக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்த ஒருவர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், "இங்கெல்லாம் டவர் கிடைக்காதுக்கா" என்றார். கப்பலுக்குள் ஏது டவர்? ஆனாலும் அன்று சாயங்காலத்துக்குள் பெயர் எல்லாத் தளத்துக்கும் பரவிவிட்டது. சொந்தத் தங்கை நான் ஒருத்தி இருக்க, ஊரில் உள்ள மாலுமிகளுக்கெல்லாம் அவள் அக்கா ஆனது இப்படித்தான்.

அதற்கு முன்னால் அவள் ஒரு செல்போன் கம்பெனியில் இருந்தாள். கூரையில் ஏரியல் நட்ட காரில் உட்கார்ந்து தெருத் தெருவாகச் சுற்றி, எந்த முக்கில் பேச்சு அறுந்துபோகிறது என்று குறிப்பதுதான் அவள் வேலை. பதினான்கு வருடம் அதைச் செய்தாள். எங்கள் ஊரில் எந்தத் தெருவில் எந்த மாடிப்படிக்குக் கீழே நின்றால் போன் கட்டாகும் என்பது அவளுக்கு மனப்பாடம். பிறகு அந்தக் கம்பெனியை வேறொரு கம்பெனி வாங்கியது. கார்களை நிறுத்தினார்கள், காரில் இருந்தவர்களையும் நிறுத்தினார்கள். இரண்டு வருடம் வீட்டில் இருந்தாள். போன இடத்திலெல்லாம் அவள் அனுபவத்தைக் கேட்பதற்கு முன்னால் வயதைக் கேட்டார்கள். அந்த இரண்டு வருடத்தில் அவள் சிரித்துப் பேசியதை விரல் விட்டு எண்ணிவிடலாம். மாமா, அதாவது அவள் வீட்டுக்காரர், பஸ் ஓட்டுகிறவர். வேலை முடிந்து வந்து அவளைச் சிரிக்க வைக்க என்னென்னவோ செய்து பார்ப்பார். ஒன்றும் பலிக்காது.

முப்பத்தொன்பதாவது வயதில் கப்பல் பட்டறையிலிருந்து நேர்காணலுக்குக் கூப்பிட்டார்கள். கடற்படை தன் பழைய கப்பல்களில் புதிய தொடர்பு வசதியைப் போட ஆரம்பித்திருந்த நேரம் அது. அதுவரை கப்பலுக்குள் ஒருவரை ஒருவர் கூப்பிட, சுவரில் மாட்டிய கம்பித் தொலைபேசியும் ஒலிபெருக்கியும்தான். இரண்டும் இல்லாத இடத்துக்கு ஆள் ஓட வேண்டும். இனிமேல் ஒவ்வொரு மாலுமியின் இடுப்பிலும் ஒரு கைப்பேசி. அதில் பேசலாம், செய்தி அனுப்பலாம், அன்றைய வேலையையும் அதிலேயே பார்த்துக்கொள்ளலாம். நேர்காணல் செய்த பிரிவுப் பொறியாளருக்கு முப்பத்திரண்டு வயதுதான். எப்போதும் வாயில் ஒரு பெப்பர்மின்ட்டை ஒதுக்கிக்கொண்டு பேசுகிறவர்.

"கப்பல்ல ஏறியிருக்கீங்களா?" என்று கேட்டாராம்.

"இல்ல சார். ஆனா லிப்ட்டுக்குள்ள போனா போன் ஏன் கட்டாகுதுன்னு தெரியும். கப்பலும் ஒரு பெரிய லிப்ட்டுதானே."

பெப்பர்மின்ட் சிரிப்பில் வெளியே விழுந்துவிட்டதாம். மறுவாரம் ஒப்பந்த வேலைக்கு ஆணை வந்தது. ஒவ்வொரு நிதியாண்டு முடியும்போதும் புதுப்பிக்க வேண்டிய வேலைதான். ஆனாலும் அந்தக் காகிதத்தை அவள் மடிக்காமல் ஒரு அட்டைக்குள் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தாள். மாமா அதை இரண்டு முறை படித்துவிட்டு, "கப்பலுக்கு அப்புறம் போகலாம். நம்ம பாத்ரூம்ல டவர் இல்ல, அத முதல்ல பாரு" என்றார். இரண்டு வருடத்துக்குப் பிறகு அக்கா வாய்விட்டுச் சிரித்ததை அன்றுதான் கேட்டேன்.

அவளுக்குக் கொடுத்த முதல் கப்பலில் நூற்றுப் பதினான்கு அறைகள். எல்லாம் இரும்பு. சுவர், தரை, கூரை, கதவு, படி, எல்லாமே அலையை விழுங்குகிற இரும்பு. நடைவழிகளில் பாட்டுப் பெட்டி அளவுக்குச் சின்னச் சின்ன அலைபரப்பிகளைப் பொருத்தி, ஒவ்வொரு அறையிலும் எத்தனை கோடு வருகிறது என்று அளந்து, அந்த அறையின் பொறுப்பாளரிடம் 'பேசிப் பார்த்தேன், கேட்கிறது' என்று கையெழுத்து வாங்க வேண்டும். நான்கு மாதத்தில் முடித்துவிட்டாள். பலபேர் பேசிப் பார்க்காமலேயே கையெழுத்துப் போட்டார்கள். "நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்று ஒருவர் சுவரில் வைத்தே கிறுக்கிக் கொடுத்தார். பெரிய அதிகாரிகள் பார்வையிட வருவதற்குப் பன்னிரண்டு நாள் இருந்தபோது ஒரே ஒரு கையெழுத்துதான் பாக்கி. கப்பலின் தலைமைச் சமையல்காரருடையது.

அவர் ஒல்லியான மனிதர். கண்ணாடி நெற்றியில் இருக்கும், புருவம் எப்போதும் நெரிந்திருக்கும். மூன்று முறை படிவத்தை நீட்டியும் "அப்புறம் பாக்கலாம்" என்று திருப்பி அனுப்பினார். அக்காவுக்கு எரிச்சல். வீம்புக்குச் செய்கிறார் என்றே நினைத்தாள். நான்காவது முறை போனபோது அவர் கீரைக் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தார்.

"உங்க குளிர் அறை மட்டும்தான் பாக்கி அண்ணே. கையெழுத்து போட்டுட்டீங்கன்னா முடிஞ்சிடும்."

"கேட்டாத்தானே போடணும்?"

"நான் உள்ள போய் பாத்தாச்சு. மூணு கோடு காட்டுது."

"கதவு தொறந்திருந்துச்சா, மூடியிருந்துச்சா?"

அக்கா நீட்டிய படிவத்தைத் தாழ்த்தினாள். அவர் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். "வாங்க. நீங்க உள்ள நின்னு பேசுங்க. நான் வெளிய நின்னு கேக்கறேன்."

குளிர் அறையின் கதவு ஒரு சாண் தடிமன். அவள் உள்ளே போனதும் அவர் அதைச் சாத்தினார். அக்கா கையில் இருந்த கைப்பேசியைப் பார்த்துக்கொண்டே நின்றாள். மூன்று கோடு இரண்டாயிற்று. இரண்டு ஒன்றாயிற்று. அப்புறம் ஒன்றும் இல்லை. கூப்பிட்டுப் பார்த்தாள். கத்தியும் பார்த்தாள். காற்றாடியின் இரைச்சல்தான் கேட்டது. ஒரு நிமிடம் கழித்துக் கதவு திறந்தது.

"என்ன சொன்னீங்க?" என்று கேட்டார் சமையல்காரர். குரலில் கேலி இல்லை. நிஜமாகவே கேட்டார்.

"உங்க பேரச் சொல்லிக் கூப்பிட்டேன்."

"எனக்கு ஒண்ணும் கேக்கல. இதுக்கு முந்தின கப்பல்ல என்கூட வேல பாத்தவன் இப்படித்தான் உள்ள மாட்டிக்கிட்டான். கதவு கைப்பிடி உடைஞ்சு போச்சு. நாப்பது நிமிஷம் தட்டியிருக்கான். நான் பக்கத்துலதான் வெங்காயம் நறுக்கிட்டு இருந்தேன். அதான் கேக்கறேன். தப்பா எடுத்துக்காதீங்க."

அக்கா அவருக்கு நன்றி சொல்லிவிட்டு மேலே ஏறினாள். ஏறும்போதுதான் பார்த்தாள். ஒவ்வொரு கதவும் கொக்கி போட்டுத் திறந்து வைக்கப்பட்டிருந்தது. துறையில் நிற்கிற கப்பலுக்குள் கரையிலிருந்து மின்கம்பியும் தண்ணீர்க் குழாயும் போகும், காற்றும் வர வேண்டும். அதனால் எந்தக் கதவையும் மூடுவதில்லை. கடலுக்குப் போனால் ஒரு கதவையும் திறந்து வைக்க மாட்டார்கள். நான்கு மாதம் அவள் அளந்ததெல்லாம் திறந்த கதவுகளின் வழியாக வந்த அலை. குளிர் அறை மட்டும் இல்லை, நூற்றுப் பதினான்கு அறைகளின் கணக்கும் செல்லாது.

மத்தியானம் எனக்குப் போன் செய்தாள். நான் மருத்துவமனையில் பிசியோதெரபி பிரிவில் வேலை பார்க்கிறேன். சாப்பாட்டு நேரம்.

"நான் ஒரு தப்பு பண்ணிட்டேன்டி" என்று ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னாள்.

நான் கேட்ட முதல் கேள்வி, "யாருக்கெல்லாம் தெரியும்?" என்பதுதான்.

"எனக்கும் சமையல்காரருக்கும். அவருக்கும் அந்த ஒரு ரூம் மட்டும்தான் தெரியும்."

"அப்ப அந்த ரூம மட்டும் சரி பண்ணிக் குடுத்துட்டு கையெழுத்த வாங்கிடு. அடுத்த மாசம் உனக்கு ஒப்பந்தம் புதுப்பிக்கணும்ல. மறுபடியும் வீட்டுல உக்காரப் போறியா?"

"சரி, வச்சிடறேன்" என்றாள். அவளுக்கு நல்லது சொல்கிறேன் என்றுதான் நான் நினைத்தேன். இதை மறைக்காமல் எழுத வேண்டும் என்று தோன்றுகிறது. அவள் என் பேச்சைக் கேட்கவில்லை. அதற்கு இன்றைக்கும் நான் நன்றி சொல்லிக்கொள்கிறேன்.

மூன்று மணிக்கு அவள் பொறியாளரின் அறைக்குப் போனாள். உட்காரச் சொல்லியும் உட்காராமல், நின்றபடியே சொல்லி முடித்தாள்.

"கதவெல்லாம் தொறந்தா இருந்துச்சு?"

"ஆமா சார். கொக்கி போட்டு."

அவர் வாயிலிருந்த பெப்பர்மின்ட்டைக் கடித்து விழுங்கினார். "அறுபது எழுபது ரூமுக்கு உங்ககூட நானும்தான் வந்தேன். ஒவ்வொரு கதவையும் தாண்டித்தானே உள்ள போனேன். எனக்கும் தோணலையே." கணினியைத் தன் பக்கம் இழுத்து வைத்தார். "சொல்லுங்க, எழுதலாம். ரெண்டு பேர் பேரையும் போட்டுடலாம்."

அந்த அறையை விட்டு வெளியே வந்து மாடிப்படியில் உட்கார்ந்துவிட்டதாக அக்கா பிறகு சொன்னாள். திட்டு வாங்கத் தயாராகப் போனவளுக்கு அது கிடைக்காததுதான் தாங்கவில்லை.

மேலிடத்துக்கு இது பிடிக்கவில்லை. பார்வையிடும் நாளைத் தள்ளி வைத்தார்கள், காரணம் கேட்டு இரண்டு பக்கத்தில் கடிதம் அனுப்பினார்கள். அக்காவின் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கும் காகிதம் யாருடைய மேசையிலோ நின்றுவிட்டது. ஆனால் கப்பலின் கேப்டன் மட்டும் கடிதத்தைப் பற்றிப் பேசவே இல்லை. "உங்களுக்கு என்ன வேணும்?" என்று மட்டும் கேட்டார்.

"கதவு எல்லாத்தையும் மூடணும் சார். ஒவ்வொரு ரூம்லயும் ஒரு ஆள் நிக்கணும். ரெண்டு மணி நேரம் ஆகும். காத்து வராது, எல்லாருக்கும் புழுங்கும்."

"புழுங்கட்டும். கடல்ல மட்டும் ஜில்லுனா இருக்கு?"

மறுநாள் காலை ஒன்பது மணிக்குக் கப்பலின் எல்லாக் கதவுகளும் மூடிக்கொண்டன. நூற்றுப் பதினான்கு அறையிலும் ஒவ்வொருவர் வியர்த்து வழிய நின்று தன் அறை எண்ணைச் சொன்னார். அக்கா மேல்தளத்தில் தாளும் பேனாவுமாக உட்கார்ந்து, கேட்டதையெல்லாம் குறித்துக்கொண்டாள். எண்பத்து மூன்று குரல்கள் வந்தன. முப்பத்தொரு குரல்கள் வரவில்லை.

வராத அறைகளுக்கு என்ன செய்வது? கப்பலின் சுவரில் புதிதாக ஓட்டை போட விட மாட்டார்கள். ஏற்கெனவே மின்கம்பிகள் போகிற, தண்ணீர் புகாமல் அடைத்த துளைகள் இருக்கின்றன, அவற்றின் வழியாக மட்டுமே எதையும் கொண்டுபோகலாம். அக்கா பழைய கம்பெனியில் சுரங்கப் பாதைக்குப் போட்ட கேபிள் ஒன்றை நினைவுபடுத்திச் சொன்னாள். மேலுறைக்குக் கீழே வரிசையாகக் கீறல்கள் வெட்டிய கேபிள். போகிற வழியெல்லாம் அலையைக் கசியவிட்டுக்கொண்டே போகும். அது வந்து இறங்கிய அன்று கிடங்குக்காரர் ஒரு துண்டை உரித்துப் பார்த்துவிட்டு ஓடி வந்தார்.

"டவர் அக்கா, சரக்கு பூரா ஓட்டையா வந்திருக்கு. திருப்பி அனுப்பிடவா?"

"ஓட்டைக்குத்தான் அண்ணே ஆர்டரே போட்டோம். தோட்டத்துல சொட்டு நீர்க் குழாய் போடறாங்கல்ல, அது மாதிரி."

"நல்ல கேபிள் குடுத்திருந்தா நானே ஆணி அடிச்சுக் குடுத்திருப்பேனே" என்று சொல்லிக்கொண்டே போனார். அதற்குப் பிறகு அதன் பெயர் ஓட்டைக் கேபிள்தான். அறிக்கையில் மட்டும் வேறு பெயர்.

ஐந்து வாரம் அந்த வேலை நடந்தது. அக்காவின் மகள் பள்ளிக்கூடம் விட்டு என் வீட்டுக்கு வந்துவிடுவாள். அக்கா வரும்போது முழங்கையில் கிரீஸும் தலையில் சிலந்தி வலையும் இருக்கும். இரண்டு ஆள் புக முடியாத இடத்தில் ஒருத்தியாகப் படுத்துக்கொண்டு கேபிளை இழுத்துவிட்டு வந்திருப்பாள். மாலுமிகளும் ஓய்வு நேரத்தில் வந்து கை கொடுத்தார்கள். கடைசியில் கதவை மூடி மறுபடியும் எண் சொன்னபோது நூற்றுப் பதினான்கு குரலும் வந்தது. சமையல்காரர் குளிர் அறைக்குள் தானே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, முட்டை எத்தனை, கோழி எத்தனை, பட்டாணி எத்தனை பொட்டலம் என்று முழு இருப்பையும் படித்தார். நடுவில் நிறுத்தி, "கேக்குதா?" என்றார். "கேக்குது அண்ணே. பட்டாணிய ரெண்டு தடவ சொன்னீங்க" என்றாள் அக்கா. வெளியே வந்து கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்.

சோதனை ஓட்டத்துக்குக் கப்பல் கடலுக்குப் புறப்பட்டபோது அக்காவும் பொறியாளரும் உடன் போனார்கள். அக்காவுக்கு அதுதான் முதல் கடல் பயணம். துறைமுகத்தைத் தாண்டியதும் அவளுக்குக் குமட்ட ஆரம்பித்துவிட்டது. ஒரு வாளியை மடியில் வைத்துக்கொண்டே கணினித் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

காலை பதினொன்றே கால் இருக்கும். கப்பலின் பின்கோடியில், கப்பலைத் திருப்புகிற சுக்கான் அறையில், ஒரு மாலுமி தனியாக அளவுமானியைப் படித்துக்கொண்டிருந்தார். இருபத்தாறு வயது. அழுத்தக் குழாய் ஒன்று இணைப்பில் வெடித்து, சூடான எண்ணெய் பீய்ச்சி அடித்தது. விலகப் போனவர் வழுக்கி இரும்புப் படியில் விழுந்தார். முழங்கால் மடங்கிவிட்டது. சுவர்த் தொலைபேசி எண்ணெய் பீய்ச்சுகிற பக்கத்தில் இருந்தது. கதவு மூடியிருந்தது. அறை முழுக்க எண்ணெய்ப் புகை. இடுப்பிலிருந்த கைப்பேசியை எடுத்துப் பொத்தானை அமுக்கினார்.

இயந்திரக் கட்டுப்பாட்டு அறையில் அந்தக் குரல் தெளிவாகக் கேட்டது. திரைக்கு முன்னால் இருந்த அக்காவுக்கும் கேட்டது.

"சுக்கான் ரூம்லேர்ந்து பேசறேன். எண்ணெய்க் குழாய் போயிடுச்சு. முதல் பம்ப நிறுத்துங்க. என்னால எந்திரிக்க முடியல."

உடனே பம்ப்பை நிறுத்தினார்கள், இரண்டாவது பம்ப்புக்கு மாற்றினார்கள். நான்கு நிமிடத்தில் முகமூடி போட்ட இரண்டு பேர் கதவைத் திறந்து அவரைத் தூக்கி வந்துவிட்டார்கள். புகை தீப்பற்ற ஒரு பொறி போதும் என்று தலைமை இயந்திரக்காரர் பிறகு சொன்னார். "எண்ணெய் குறைஞ்சா மணி அடிக்கும். அவன் குரல் வராம அது மட்டும் அடிச்சிருந்தா ஒரு ஆள சாவகாசமா அனுப்பிப் பாத்திருப்போம்" என்றார்.

சுக்கான் அறையின் எண் தொண்ணூற்றேழு. குரல் வராத முப்பத்தொன்றில் அதுவும் ஒன்று. திறந்த கதவோடு அளந்தபோது அங்கே நான்கு கோடு காட்டியிருந்தது.

அக்கா வாளியைக் கீழே வைத்துவிட்டு, சுவரைப் பிடித்துக்கொண்டே சமையலறைக்குப் போனாள். சமையல்காரரிடம் நடந்ததைச் சொன்னாள். அவர் கரண்டியைக் கீழே வைத்தார்.

"அவனே பேசினானா?"

"அவரே பேசினாரு. எல்லாருக்கும் கேட்டுச்சு."

"உயிருக்கு ஒண்ணும் இல்லையே?"

"இல்ல. கால்லதான் அடி."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வெகுநேரம் துடைத்தார். "உக்காருங்க. வெறும் வயித்துல கப்பல்ல நிக்கக் கூடாது" என்று ஒரு ரொட்டியை வாட்டி அவள் கையில் கொடுத்தார். அன்று அவள் வயிற்றில் தங்கியது அது ஒன்றுதான்.

பிரிவுப் பொறியாளர் இறுதி அறிக்கையின் முதல் வரியிலேயே, குறையைக் கண்டுபிடித்தவர் கப்பலின் தலைமைச் சமையல்காரர் என்று எழுதினார். அப்படி எழுதும் வழக்கம் இல்லை என்று மேலிடத்திலிருந்து திருப்பி அனுப்பினார்கள். அவரும் அதே வரியோடு மறுபடியும் அனுப்பினார். மூன்றாவது முறை ஏற்றுக்கொண்டார்கள். எங்கேயோ நின்றிருந்த அக்காவின் காகிதமும் நகர்ந்தது. வருடா வருடம் புதுப்பிக்கிற ஒப்பந்தமாகப் போனது, நிரந்தர வேலையாகத் திரும்பி வந்தது. இப்போது எந்தக் கப்பலிலும் கதவை மூடாமல் அளப்பதில்லை.

அடிபட்ட மாலுமிக்கு அறுவை சிகிச்சை முடிந்து, பயிற்சிக்காக எங்கள் மருத்துவமனைக்கு அனுப்பினார்கள். என் மேசைக்குத்தான் வந்தார். கப்பலில் விழுந்துவிட்டேன் என்றதும் எனக்குப் புரிந்துவிட்டது. முழங்காலை மடக்கி நீட்டும்போது வலி தெரியாமல் இருக்க எதையாவது பேசிக்கொண்டிருப்பார்.

"உள்ள கெடந்தப்ப என் குரல் வெளிய போகும்னு நான் நம்பல மேடம். மொத தடவ கதவ மூடிப் பாத்தப்ப அந்த ரூம்லேர்ந்து ஒண்ணுமே போகல. சும்மா அமுக்கிப் பாத்தேன்" என்றார் ஒரு நாள்.

"அத சரி பண்ணினது எங்க அக்கா" என்றேன்.

அவர் என்னையே பார்த்தார். பிறகு எழுந்து உட்கார்ந்து, "டவர் அக்கா உங்க அக்காவா? எங்க அம்மா அவங்க நம்பர் கேட்டுட்டே இருக்காங்க மேடம். குடுக்கலாமா?" என்று கேட்டார். கொடுத்தேன். அவருடைய அம்மா அன்றே பேசினார். பேச்சு முடிய இருபது நிமிடம் ஆனது என்று மாமா சொன்னார்.

அன்று சாயங்காலம் நான் அக்கா வீட்டுக்குப் போனேன். அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். நானும் உட்கார்ந்து மடித்தேன்.

"அன்னிக்கு நான் போன்ல சொன்னது தப்புக்கா. தினமும் அந்தப் பையனோட கால கையில பிடிக்கும்போது அதுதான் ஞாபகம் வருது."

"நீ சொல்றதுக்கு முன்னாடியே எனக்கும் அதான் தோணுச்சு" என்றாள் அக்கா. "அரை மணி நேரம் கரையில உக்காந்து அதையே செஞ்சுடலாம்னுதான் யோசிச்சேன். எந்தெந்த ரூம விட்டா பரவால்லன்னு லிஸ்ட்ட எடுத்துப் பாத்தேன். ஒவ்வொரு நம்பரப் படிக்கும்போதும் அங்க எனக்கு வழி விட்டு நின்னவங்க மூஞ்சி வந்துச்சு. விடறதுக்கு ஒரு ரூமும் கிடைக்கல."

அவள் ஒரு சட்டையை மடித்து என் பக்கம் வைத்தாள்.

"முட்டி எவ்வளவு மடங்குது அவருக்கு?"

"தொண்ணூறு டிகிரி வந்துடுச்சு. இன்னும் ஒரு மாசத்துல படி ஏறிடுவாரு."

"அது போதும்" என்றாள். "கப்பல்ல படிதான் ஜாஸ்தி."